ஒன்பது விநாடி முன்நடை

'ஈரக்கோள் இரண்டு' படத்தில் யாரும் முன்னோக்கி நடப்பதில்லை. அந்தக் கோள் முழுக்கச் சேறு. சேறு முழுக்க நாற்று. நட்ட நாற்றுக்கு முதுகு காட்டுவது அங்கே பெருங்குற்றம். அதனால் எல்லோரும் நட்டதைப் பார்த்தபடியே பின்பக்கமாகப் போகிறார்கள், பின்பக்கமாக வருகிறார்கள், பின்பக்கமாகக் காதலித்துப் பின்பக்கமாகச் செத்தும் போகிறார்கள்.

படத்தின் கடைசி அரைமணி நேரத்தில் ஒரு காட்சி. வானத்தில் இரண்டு சூரியன்கள். பதினாறு பெண்கள் வரிசையாகக் குனிந்து நட்டபடி பின்னால் போகிறார்கள். திடீரென்று ஒருத்தி நிமிர்கிறாள். முன்னோக்கி நான்கு அடி நடக்கிறாள். குனிந்து சேற்றில் எதையோ வைக்கிறாள். நிமிர்ந்து சிரிக்கிறாள். மொத்தம் ஒன்பது விநாடி. காட்சி மாறிவிடுகிறது. அவள் யார், ஏன் போனாள், என்ன வைத்தாள் என்று படம் சொல்வதில்லை.

ரசிகர்கள் அவளுக்கு 'முன்நடையாள்' என்று பெயர் வைத்தார்கள். அவள் உருவத்தைச் சட்டையில் அச்சடித்துப் போட்டுக்கொண்டார்கள். மன்னார்குடியில் ஓர் ஆட்டோவின் முதுகில் அவள் இருக்கிறாள். சிங்கப்பூரில் ஒருவர் முழங்கையில் அவளைப் பச்சை குத்தியிருக்கிறார்.

அந்தப் பெண் நன்னிலம் பக்கம் வடபாதிக்குடியில் இருக்கும் அம்சவல்லி. வயது நாற்பத்தொன்பது. இந்த உண்மை தெரிந்தவர்கள் உலகத்தில் இரண்டே பேர். ஒருத்தி அம்சவல்லி. இன்னொருத்தி அவளுடைய ஓரகத்தி, கொழுந்தன் பெண்டாட்டி சுந்தரி. மற்ற எல்லோரும் முன்நடையாள் சுந்தரிதான் என்று நம்பினார்கள். அப்படி நம்பவைத்தது அம்சவல்லியேதான்.

அம்சவல்லி பிறந்தது திருப்பனந்தாள் பக்கம். பதினாறு வயதில் நடவுக்கு இறங்கினாள். இருபதில் நடராசனுக்கு வாழ்க்கைப்பட்டு வடபாதிக்குடிக்கு வந்தாள். நடராசனுக்குக் குத்தகை நிலம் எட்டு மா. அதை நட்டு முடித்துவிட்டு அடுத்தவர் வயல்களுக்கும் போவாள். சில வருடங்களில் தன்னையும் சேர்த்துப் பதினாறு பெண்களோடு அவளே ஒரு நடவு செட்டு அமைத்தாள். அவள் செட்டு நட்ட வயலை ரோட்டிலிருந்து பார்த்தாலே தெரியும் என்பார்கள். கோடு போட்டதுபோல் இருக்கும். சொட்டை இருக்காது.

நட்ட வயலில் ஒரு குத்து நாற்று விட்டுப்போன வெற்றிடத்தைத்தான் சொட்டை என்பது. மற்றவர்கள் சொட்டை விழுந்தால் ஒரு வாரம் கழித்து வந்து அடைப்பார்கள். அம்சவல்லிக்கு அந்த ஒரு வாரம் தூக்கம் வராது. வயலில் மட்டுமல்ல. டவுன் பஸ்ஸில் மூன்று பேர் சீட்டில் இரண்டு பேர் உட்கார்ந்திருந்தால் நிற்பவர் யாரையாவது கூப்பிட்டு உட்காரவைப்பாள், அவருக்கு அடுத்த நிறுத்தத்தில் இறங்க வேண்டியிருந்தாலும். ரேஷன் கடை வரிசையில் இடைவெளி விட்டு நிற்பவர்களை முதுகில் கைவைத்துத் தள்ளுவாள். அவள் கல்யாண போட்டோவில் மாமியாருக்கும் பெரிய மாமனாருக்கும் நடுவில் ஓர் ஆள் நிற்கிற இடம் காலியாக இருந்தது. மணப்பெண்ணே எழுந்துபோய், ஓரமாக நின்ற நாதஸ்வரக்காரரைக் கையைப் பிடித்து இழுத்துவந்து நிறுத்தினாள். இன்றும் அந்தப் போட்டோவில் அவர் நாதஸ்வரத்தோடு குடும்பத்தில் ஒருவராக நிற்கிறார்.

ராஜசேகர் என்ற இயக்குநர் 'ஈரக்கோள்' முதல் பாகத்தை எடுத்தபோது அதில் ராக்கெட் இருந்தது, கதாநாயகன் இருந்தான். அவன் ஒரு சேற்றுக் கோளில் இறங்கி, நாலு பேரை அடித்துப் போட்டுவிட்டுப் பூமிக்குத் திரும்பினான். படம் நன்றாக ஓடியது. இரண்டாம் பாகத்துக்குப் பணம் கொடுத்தவர்கள் இன்னும் பெரிய ராக்கெட்டை எதிர்பார்த்தார்கள். ராஜசேகர் ராக்கெட்டையும் கதாநாயகனையும் தூக்கிப் போட்டுவிட்டு, அந்தக் கோளில் இருப்பவர்கள் மறுநாள் காலையில் என்ன செய்வார்கள் என்று ஒரு படம் எடுத்தார்.

படப்பிடிப்புக்கு இடம் பார்க்க வந்தவர் அம்சவல்லியின் செட்டு நடுவதைப் பார்த்தார். வரப்பில் நின்று கேட்டார்.

"ஏம்மா, எல்லாரும் பின்னாடியே நடக்குறீங்களே, ஏன்?"

"முன்னாடி நடந்தா நட்டத மிதிச்சிருவமே சார்."

அவர் அதை எழுதிக்கொண்டார். அந்த ஒரு வரியிலிருந்துதான் ஒரு கோளின் சட்டம், வழக்கு, தண்டனை, கல்யாணம், சாவு எல்லாம் முளைத்தன. அம்சவல்லியின் செட்டையே நடிக்கக் கூப்பிட்டார். "என் செட்டுல ஒருத்தி காலு மாத்தி வைக்க மாட்டா சார்" என்று அம்சவல்லி வாக்குக் கொடுத்தாள்.

பதினாறு பேர் முகத்திலும் சாம்பல் நிறக் களிமண் பூசினார்கள். தலையில் கோரைப்புல்லால் முடைந்த கூடு. யார் யாரென்று பெற்ற தாய்க்கும் தெரியாது. நாற்று நுனியில் நீலச் சாயம். நடப்பட்ட வயலை மறுபடி வெறும் சேறாக்க முடியாது என்பதால், ஒரு வயலுக்கு ஒரே தடவைதான் எடுக்க முடியும். மைக்கும் கையுமாக ஓர் உதவி இயக்குநர் அதைக் காலையிலிருந்து நாற்பது தடவை சொல்லிவிட்டார்.

பாதி வயல் நட்டிருப்பார்கள். அம்சவல்லி தலையைத் தூக்கினாள். நான்கு அடிக்கு முன்னால் ஒரு சொட்டை.

அவள் கேமராவை மறக்கவில்லை. வாக்குக் கொடுத்ததும் நினைவில் இருந்தது. ஒரு வாரம் கழித்து அடைக்கலாம் என்றும் தோன்றியது. ஆனால் இது சினிமா வயல், ஒரு வாரம் கழித்து யாரும் வரப்போவதில்லை. அந்த நினைப்பைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. போனாள். கையிலிருந்த நாற்று முடியில் நாலைப் பிரித்து வைத்தாள். அடைந்தது. அடைந்ததும் எப்போதும்போல் சிரிப்பு வந்தது. திரும்பிவந்து தன் இடத்தில் குனிந்துகொண்டாள். தலை குனிந்து நட்டுக்கொண்டிருந்த மற்றவர்கள் ஒருவரும் பார்க்கவில்லை.

மைக் அலறியது. "யாரது முன்னாடி வந்தது? ஒரு வயலே போச்சு! யாரது?"

பதினாறு களிமண் முகங்கள் ஒன்றையொன்று பார்த்தன. அம்சவல்லியின் வலது கை எழுந்து பக்கத்தில் நின்ற சுந்தரியைக் காட்டியது.

சுந்தரியை அங்கேயே வரிசையிலிருந்து நீக்கினார்கள். மற்றவர்கள் வேறு வயல்களில் இன்னும் மூன்று நாள் நடித்தார்கள், இரண்டு வேளை கோழிக் குழம்பு சாப்பிட்டார்கள். சுந்தரி அந்த மூன்று நாளும் பம்புசெட் தொட்டிக் கட்டையில் உட்கார்ந்து காலை ஆட்டியபடி பார்த்துக்கொண்டிருந்தாள்.  அலுவலகத் தாளில் உதவி இயக்குநர் எழுதிவைத்தார்: முன்னால் நடந்தவர் சுந்தரி, நீக்கப்பட்டார். ராஜசேகர் மட்டும் அந்த ஒன்பது விநாடியை வெட்டாமல் படத்திலேயே விட்டுவைத்தார்.

படம் திருவாரூரில் நான்கு நாள் ஓடியது. முதல் நாளே "ராக்கெட் எங்கடா?" என்று கூச்சல். நாலாவது நாள் காவலாளியும் டிக்கெட் கிழிப்பவரும்தான் பார்த்தார்கள். டிக்கெட் கிழிப்பவர் இரண்டாவது தடவையும் பார்த்தார்.

ஆரம்பம் அங்கேதான். இரண்டாவது தடவை பார்க்கிற படம் அது. முதல் தடவை ஒன்றும் புரியாது. இரண்டாவது தடவை, ஒருவரை ஒருவர் சந்திக்கும்போது ஏன் பக்கவாட்டில் விலகுகிறார்கள் என்று தெரியும். இரண்டு சூரியனால் ஆளுக்கு இரண்டு நிழல். இரண்டாவது நிழலை மிதிக்கக் கூடாது. மூன்றாவது தடவை, அங்கே யாரும் வயது கேட்பதில்லை, "எத்தனை நடவு?" என்றுதான் கேட்கிறார்கள் என்பது காதில் விழும். ஐந்தாவது தடவை, வீடுகளுக்குக் கதவில்லை என்பதும், வருகிறவர் வாசலில் மூன்று சொட்டுத் தண்ணீர் விட்டுக் காத்திருக்கிறார் என்பதும் தெரியவரும். முதல் பாகத்துக் கதாநாயகனைப் பற்றி ஒரே ஒரு கிழவர், காய்ந்த காலோடு வந்தவன் என்று ஒரு வரி சொல்லிச் சிரிக்கிறார். ராஜசேகர் எதையும் விளக்கவில்லை. விளக்கும் வேலையை ரசிகர்கள் எடுத்துக்கொண்டார்கள். அது முடிகிற வேலையாக இல்லை.

கைபேசியில் படம் வந்ததும் கூட்டம் பெருகியது. வருடத்துக்கு ஒரு நாள் தியேட்டரை வாடகைக்கு எடுத்துப் பார்த்தார்கள். வாசலிலிருந்து இருக்கை வரை பின்னோக்கி நடந்தார்கள். "எத்தனை நடவு?" என்று கேட்டுக்கொண்டார்கள். "நாற்பத்து மூன்று நடவு" என்றால் நாற்பத்து மூன்று தடவை பார்த்தவர் என்று பொருள்; எழுந்து இடம் கொடுப்பார்கள்.

எட்டு வருடம் முன்பு ஒரு காலை அவர்கள் வடபாதிக்குடிக்கு வந்தார்கள். தஞ்சாவூரில் பாலிடெக்னிக் ஆசிரியராக இருக்கும் இளஞ்செழியன் அந்தப் பழைய அலுவலகத் தாளை எப்படியோ தேடிப்பிடித்திருந்தார். அவரும் இன்னும் ஏழு பேரும் பஸ் நிறுத்தத்திலிருந்து தெருவுக்குள் பின்னோக்கி நடந்து வந்தார்கள். நாய்களுக்குக் குழப்பம். வருகிற ஆட்களைப் பார்த்துக் குரைப்பதா, போகிற ஆட்களைப் பார்த்துக் குரைப்பதா என்று தெரியாமல் இரண்டு நாய்கள் உட்கார்ந்துவிட்டன.

சுந்தரி வாசலில் கெண்டை மீனுக்குச் செதில் எடுத்துக்கொண்டிருந்தாள். அவள் புருஷன் செந்தில்குமார் ஷார்ஜாவில் இருந்தான். வீட்டில் வேறு ஆள் இல்லை. இளஞ்செழியன் மூன்று சொட்டுத் தண்ணீர் விட்டார்.

"நீங்கதானம்மா... முன்னாடி நடந்தது?"

சுந்தரி கத்தியைக் கீழே வைத்தாள். குட்டிச்சுவருக்கு அந்தப் பக்கம் அம்சவல்லி மிளகாய் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். சுந்தரி அவளை நன்றாக ஒரு பார்வை பார்த்தாள்.

"ஆமா. நான்தான்."

எட்டு பேரும் சேற்றுத் தரையில் விழுந்து கும்பிட்டார்கள்.

அதற்குப் பிறகு அம்சவல்லி பட்ட பாட்டைச் சொல்லி முடியாது. ரசிகர்கள் வருடத்துக்கு நாலு தடவை வந்தார்கள். சுந்தரிக்குப் பட்டுப்புடவை வந்தது. சுந்தரி வயலில் இறங்கினால் வரப்பில் கைதட்டினார்கள். ஒரு தடவை கோயம்புத்தூரிலிருந்து வந்த டாக்டர் அம்மா ஒருத்தி அம்சவல்லியைக் கூப்பிட்டாள். அம்சவல்லி கையைத் துடைத்து, தலைமுடியை ஒதுக்கிக்கொண்டு போனாள்.

"அக்கா, ஒரு போட்டோ எடுத்துத் தர்றீங்களா? சுந்தரி அக்காவோட நாங்க நிக்கிறோம்."

எடுத்துக் கொடுத்தாள். இரண்டு பேருக்கு நடுவில் இடைவெளி இருந்தது. "நெருங்கி நில்லுங்க" என்று எரிந்து விழுந்தாள்.

நான்தான் என்று சொல்ல நாக்கு நுனிவரை வரும். சொன்னால் அடுத்த கேள்வி என்ன என்று தெரியும். அப்படியென்றால் அன்று ஏன் சுந்தரியைக் காட்டினாய்?  வாயை மூடிக்கொள்வாள். நடராசனிடம்கூடச் சொல்லவில்லை. தன்னுடைய ஒன்பது விநாடியைத் தானே தூக்கிக் கொடுத்துவிட்டு, பக்கத்து வீட்டில் அது கொழிப்பதைக் குட்டிச்சுவருக்கு மேலே எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஒரே ஒரு ஆறுதல்தான். ஏன் முன்னால் போனீர்கள் என்று யார் கேட்டாலும் சுந்தரி, "அத சொல்லக் கூடாது" என்றுவிடுவாள். ரசிகர்கள் சிலிர்த்துப் போவார்கள். இளஞ்செழியன் அதைப் பற்றி மட்டும் நூற்று நாற்பது பக்கம் எழுதியிருந்தார். அவள் பூமியிலிருந்து வந்தவள் என்று ஒரு கட்சி. அவளுக்கு மட்டும் காலம் எதிர்த்திசையில் ஓடுகிறது என்று ஒரு கட்சி. சேற்றில் அவள் வைத்தது ஒரு கண் என்று மூன்றாவது கட்சி. சுந்தரி சொல்லாததற்குக் காரணம் அவளுக்குத் தெரியாது என்பதுதான் என்று அம்சவல்லிக்கு மட்டும் தெரியும். அதை நினைத்து அவள் அடுப்படியில் தனியாகச் சிரிப்பாள்.

இந்த வருடம் படத்துக்குப் பன்னிரண்டாம் ஆண்டு. ஆடி கடைசி ஞாயிறு, திருவாரூரில் பகல் காட்சி. இயக்குநரே வருகிறார். மூன்றாம் பாகத்தை அறிவிக்கப் போகிறார். முன்நடையாள் மேடையேறி, ஏன் முன்னால் நடந்தாள் என்று முதல் தடவையாகச் சொல்லப் போகிறாள். சுந்தரியைக் கேட்காமலே நோட்டீஸ் அடித்துவிட்டார்கள்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் சுந்தரி கொல்லைப்பக்கமாக வந்தாள். அம்சவல்லி குழாயடியில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா."

"என்னடி."

"ஒண்ணு கேக்கணும்."

"கேளேன். வாயில என்ன கொழுக்கட்டையா?"

"அன்னிக்கு நீ ஏன்க்கா முன்னாடி போன?"

அம்சவல்லியின் கையிலிருந்த குண்டான் தண்ணீரில் விழுந்தது. பன்னிரண்டு வருடத்தில் இந்தப் பேச்சு இரண்டு பேருக்கும் நடுவில் வந்ததே இல்லை.

"நானா? நீதானடி போன. ஊரே சொல்லுது."

"வெளாடாதக்கா. மைக்க கையில குடுத்துருவாங்க. அறுநூறு பேரு."

"சொல்லக் கூடாதுன்னு சொல்லேன். எட்டு வருசமா அதத்தானே சொல்ற."

"டைரக்டரே கேக்கப் போறாரு. அவர்கிட்ட அப்புடிச் சொல்ல முடியுமா? சொல்லுக்கா."

 இந்த ஒன்றுதான் அம்சவல்லியிடம் மிச்சம் இருந்தது. இதையும் கொடுத்துவிட்டால் சுந்தரி முழுசாக முன்நடையாள் ஆகிவிடுவாள். கொடுக்காவிட்டால் அறுநூறு பேர் முன்னால் திருதிருவென்று முழிப்பாள். மூன்றாவதாக ஒரு வழி இருந்தது.

"அட்டைடி" என்றாள் அம்சவல்லி.

"அட்டையா?"

"கெண்டைக்கால்ல கடிச்சுது. தாங்க முடியல. பிடுங்கிப் போடலாம்னு நாலு எட்டு வச்சேன்."

சுந்தரி அவள் முகத்தையே பார்த்தாள்.

"எந்தக் காலு?"

"எடது."

"சரிக்கா" என்று எழுந்து போனாள். குட்டிச்சுவரைத் தாண்டும்போது சுந்தரி ஏதோ பாட்டை முணுமுணுத்தது அம்சவல்லிக்குப் பிடிக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை தியேட்டர் வாசலில் திருவிழாக் கூட்டம். படிகளில் யாரும் விழாமல் இருக்க மேலாளர் கயிற்றுப்பாய் விரித்திருந்தார். வங்கி மேலாளர்கள், நர்சுகள், ஆட்டோக்காரர்கள், ஒரு நகைக்கடை முதலாளி எல்லோரும் பின்பக்கமாக ஊர்ந்து உள்ளே போனார்கள். நடராசன் மட்டும் மறுத்துவிட்டார். "காசு குடுத்து வர்ற எடத்துல எவனாச்சும் பிட்டத்த காட்டிக்கிட்டுப் போவானா? நான் நேராத்தான் போவேன்." வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நேராக நடந்தார். கூட்டம் இரண்டாகப் பிரிந்து வழிவிட்டுக் கைதட்டியது. இரண்டு பேர் அவரிடம் கையெழுத்து வாங்கினார்கள். போட்டுக் கொடுத்தார்.

அம்சவல்லி இதுவரை அந்தக் காட்சியை அடுத்தவர் கைபேசியில்தான் பார்த்திருந்தாள். அதில் அவள் கட்டைவிரல் நகத்தளவு இருப்பாள். இப்போது திரை முழுக்க நீலநுனி நாற்று. இரண்டாவது சூரியன் ஏறியது. அறுநூறு பேரும் சத்தமில்லாமல் எழுந்து நின்றார்கள். தென்னை உயரத்துக்கு ஒரு பெண் நிமிர்ந்தாள்.  அவள் நடந்தாள். குனிந்தாள். வைத்தாள். திரையில் இருந்தவள் சிரித்தபோது பதினைந்தாவது வரிசையில் இருந்தவளும் சிரித்துவிட்டாள். குத்து எவ்வளவு நேராக வந்திருக்கிறது! பக்கத்தில் நின்ற ஒருவர் அழுதுகொண்டிருந்தார். அவர் சட்டையில் அவள்தான் இருந்தாள்.

படம் முடிந்ததும் மேடை. ராஜசேகருக்குத் தலை முழுக்க நரைத்துவிட்டது. சுந்தரி கத்திரிப்பூ நிறப் பட்டுப்புடவையில் நடுநாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். இளஞ்செழியன் மைக்கை அவளிடம் கொடுத்தார்.

"சொல்லுங்கம்மா. ஏன் முன்னாடி நடந்தீங்க?"

சுந்தரி மைக்கை வாயருகே கொண்டுபோனாள். கூட்டத்தில் யாரையோ தேடுவதுபோல் பார்த்தாள்.

"அட்டை கடிச்சுது."

 பால்கனியில் ஒருவர் கத்தினார். "அட்டை! ஈரக்கோள்ல ரத்தம் குடிக்கிற உயிர் இருக்கு!" தியேட்டர் வெடித்தது. விசில் பறந்தது. "வலிதான் மொத புரட்சி!" என்றார் நகைக்கடை முதலாளி. "அப்ப சேத்துல வச்சது அட்டையைத்தான்! கொல்லல பாருங்க, திருப்பி வச்சிட்டாங்க!" என்றாள் ஒரு நர்ஸ். அதற்கும் கைதட்டல். இளஞ்செழியன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நூத்தி நாப்பது பக்கத்துல நான் அட்டையப் பத்தி ஒரு வரி எழுதலியே" என்று மைக்கிலேயே புலம்பினார்.

 சுந்தரி அவமானப்படுவாள் என்று நினைத்து அம்சவல்லி சொன்ன பொய். அது இப்படிக் கொண்டாடப்படும் என்று நினைக்கவில்லை. அதைக்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பாள். ஆனால் அந்தத் திரையில் அவ்வளவு உயரத்தில் நின்ற பெண், ஓர் அட்டைக்காக நடவை விட்டுவிட்டுப் போனவள் என்று அறுநூறு பேர் நம்புகிறார்கள். நாளைக்குச் சட்டையில் அட்டையும் வரும்.

எழுந்துவிட்டாள்.

"அட்டைக்கு எவளாவது நடவ விட்டுட்டுப் போவாளா?"

நடராசன் புடவையைப் பிடித்து இழுத்தார். "உக்காருடி."

"விடுங்க. காலு பூரா அட்டை தொங்குனாலும் குத்து வச்சுட்டுத்தான் நடவுக்காரி நிமுருவா! மானங்கெட்ட பேச்சு. சொட்டைங்க! வயல்ல சொட்டை விழுந்துச்சு. அத அடைக்கத்தான் போனேன்!"

கூட்டம் மொத்தமும் திரும்பிப் பார்த்தது. மேடையிலிருந்து சுந்தரி கேட்டாள், மைக்கில், நிதானமாக.

"யாரு போனது?"



"நான்."

"பின்னாடி இருக்கறவங்களுக்குக் கேக்கலக்கா."

"நான்தான் போனேன்!"

"மேல வந்து சொல்லு."

எப்படி மேடைக்குப் போனாள் என்று அவளுக்குத் தெரியாது. நடுவில் பலபேர் கையைக் கொடுத்து ஏற்றிவிட்டார்கள். சுந்தரி மைக்கை அவளிடம் கொடுக்கவில்லை. தானே பிடித்து அவள் வாயருகே நீட்டினாள்.

"நீ போன. சரி. யாரு போனதுன்னு கேட்டப்ப யார கைகாட்டுன?"

"உன்னை."

"எந்தக் கையி?"

அம்சவல்லி வலது கையைத் தூக்கினாள். அறுநூறு பேர் பார்க்க, கை மேலேயே நின்றது.

"மூணு நாளு பம்புசெட்டுல உக்காந்திருந்தேன். மூணு நாளும் கோழிக் கொழம்பு வாசன காத்துல வருது." சுந்தரியின் குரல் முதல் தடவையாக உடைந்தது. உடனே சிரித்தும்விட்டாள். "அட்டைன்னு சொன்னியே, நானும் நடவுக்காரிதானே? அப்பவே தெரியும் பொய்யின்னு. மைக்குல சொன்னா நீ பொறுத்துக்க மாட்டேன்னும் தெரியும். அதான் சொன்னேன். கைய எறக்குக்கா."

"தப்புதாண்டி" என்றாள் அம்சவல்லி. கையை இறக்கவில்லை. சுந்தரிதான் பிடித்து இறக்கினாள்.

ராஜசேகர் எழுந்து வந்தார். முகம் வெளுத்திருந்தது.

"அம்மா, அப்ப நீங்க சேத்துல வச்சது..."

"நாத்து சார். நாலு நாத்து. வேற என்னத்த வைப்பாங்க?"

"அஞ்சு வருஷமா மூணாம் பாகம் எழுதுறேன்மா. அதுல என்ன வச்சீங்கங்கறதுதான் மொத்தக் கதையும்." அவர் மேடையிலேயே சப்பணம் போட்டு உட்கார்ந்து சிரிக்க ஆரம்பித்தார். நிறுத்த முடியவில்லை. யாரோ தண்ணீர் கொண்டுவந்தார்கள்.

"எல்லாம் போச்சா சார்?" என்றார் இளஞ்செழியன் பயந்துபோய்.

"போகலைய்யா. இப்பத்தான் கதை கெடைச்சிருக்கு."

பன்னிரண்டு வருடமாக எல்லோரும் அந்தப் பெண்ணைத்தான் பார்த்தார்கள். அவள் பார்த்ததை ஒருவரும் பார்க்கவில்லை. காட்சியை மறுபடி போடச் சொன்னார்கள். இந்தத் தடவை யாரும் அவளைப் பார்க்கவில்லை, சேற்றைப் பார்த்தார்கள். இருந்தது. முதல் இரண்டு விநாடி, நீல நுனிகளுக்கு நடுவில் உள்ளங்கை அகலத்துக்கு வெறும் சேறு. அதற்குப் பிறகு அம்சவல்லியின் உடம்பே அதை மறைத்துவிடுகிறது. "சொட்டை! சொட்டை!" என்று தியேட்டர் கூத்தாடியது.

கோயம்புத்தூர் டாக்டர் அம்மா இரண்டாவது வரிசையிலிருந்து கை தூக்கினாள்.

"ஒரு சந்தேகம். அந்தச் சொட்டைய விட்டது யாரு?"

அம்சவல்லி இதை யோசித்ததே இல்லை. சொட்டையைப் பார்த்தால் அடைப்பாள், யாருடையது என்று பார்த்ததில்லை. இப்போது பார்த்தாள். அவர்கள் நடுவது ஆளுக்கு ஆறு குத்து அகலம். வரப்பிலிருந்து எட்டாவது ஆள் சுந்தரி. ஒன்பதாவது ஆள் அவள். நாற்பத்தெட்டாவது குத்தோடு சுந்தரியின் பங்கு முடிகிறது.

"நாப்பத்தெட்டாவது குத்து" என்றாள். "ஓன் பக்கம்டி."

"என்னாது? நாப்பத்தொம்போது. ஓன் பக்கம்!"

"என் கையில சொட்டை விழுமா?"

"செட்டுக்காரின்னா விழாதா? சாமிக்கு நேந்துவிட்ட கையா அது?"

"ஏய், நல்லா எண்ணிப் பாரு."

"நீ எண்ணு."

மூன்றாவது தடவை போட்டார்கள். இரண்டு பேரும் திரைக்குப் பக்கத்தில் போய் விரலால் தொட்டு எண்ணினார்கள். இரண்டு விநாடியில் பதினேழுதான் எண்ண முடிந்தது. காட்சியை நிறுத்திவைத்து எண்ணலாம் என்று ஒருவர் சொன்னார். நிறுத்தினார்கள். இடதுபக்கத்து முதல் குத்து வரப்பில் இருக்கிறதா, வயலில் இருக்கிறதா என்று சண்டை வந்தது. பால்கனிக்கு நாற்பத்தெட்டு வந்தது, கீழே இருந்தவர்களுக்கு நாற்பத்தொன்பது. நடராசன் எழுந்து நின்று நாற்பத்தொன்பது என்றார். அம்சவல்லி அவரை ஒரு முறை முறைத்தாள். உட்கார்ந்துவிட்டார்.

"தம்பி, மொதல்லேருந்து போடுங்க" என்று சுந்தரி மேலே பார்த்துக் கத்தினாள். "எல்லாரும் சேந்து எண்ணுங்க. யாரும் நடுவுல பேசாதீங்க."

விளக்கு அணைந்தது. அம்சவல்லி விரலைத் திரையில் வைத்தாள்.

"ஒண்ணு" என்றார்கள் அறுநூறு பேர்.